அப்பாவின் வீடு புதுப் போனுக்கு வராதாம்

தெமோதரை,
புதன்கிழமை.

அன்புத் தம்பி ஜெசிந்தனுக்கு,

உன் அக்கா பிரான்சிஸ்கா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் கோழிகளும் ஆண்டவர் கிருபையாலும் இருமல் மருந்தாலும் சுகமாக இருக்கிறோம். டோஹா வெயிலில் நீ வாடிப்போகாமல் இருக்க அந்தோனியாரிடம் சொல்லி வைத்திருக்கிறேன். இங்கே மழை விட்டபாடில்லை. உனக்குக் கொஞ்சம் அனுப்பலாம் என்றால், அதுவும் அந்தப் பக்கம் வராது என்று யாராவது சொல்லிவிடுவார்களோ என்று பயமாக இருக்கிறது.

இன்று காலை எழுந்ததும் நான் செய்த முதல் வேலை, பழைய போனைத் துணியில் சுற்றி அடுப்போரம் வைத்துச் சூடு காட்டியது. செபம்கூட அதற்குப் பிறகுதான். உள்ளே பற்றரி ஊதி, போனின் முதுகு பணியாரம் போல உப்பியிருக்கிறது. குளிரில் சார்ஜர் வயரைக் குத்தினால் மின்சாரத்தை ஏற்க மறுக்கிறது. சூடு காட்டிவிட்டுக் குத்தினால் நெடுநேரம் யோசித்து, சரி என்கிறது. எங்கள் அலுவலகத்தில் ஃபைல்கள் நகர்வதும் இப்படித்தான் என்பதால் எனக்குப் பொறுமை பழகிவிட்டது. அது கண் விழித்த பிறகு அப்பாவிடம் கொண்டுபோய்க் காட்டுகிறேன். அவர், "இருக்கா?" என்று கேட்கிறார். "இருக்குப்பா" என்கிறேன். அதற்குப் பிறகுதான் தேத்தண்ணீர் குடிக்கிறார்.

இதையெல்லாம் வட்ஸ்அப்பில் குரலாக அனுப்பினால் சீக்கிரம் முடிந்துவிடும்தான். ஆனால் தோட்டத்து லயத்தில் இருந்துகொண்டு குரல் செய்தி அனுப்புவது, வரிசையிலுள்ள எல்லா வீட்டுக்கும் சேர்த்து அனுப்புவது. நடுச்சுவர் கூரை வரை போகவில்லை என்பது உனக்கு மறந்திருக்காது. நான் தும்மினால் மூன்றாவது காம்பரா வீட்டிலிருந்து மருந்து சொல்கிறார்கள். தட்டச்சு செய்யலாம் என்றால், நீ அனுப்பிய புதுப் போனின் தமிழ் எழுத்துகள் எனக்கு இன்னும் பிடிபடவில்லை. போன கிழமை உனக்கு 'சாப்பிட்டாயா' என்று அனுப்பப் போய் என் மேலதிகாரிக்கு அனுப்பிவிட்டேன். அவர் 'ஆம், நீங்கள்?' என்று பதில் போட்டிருக்கிறார். அதிலிருந்து அவர் முகத்தை நான் நிமிர்ந்து பார்ப்பதில்லை. ஆகவே தாளில் எழுதுகிறேன். பதுளையில் போன் கடை வைத்திருக்கும் ஸரூக்கின் மருமகன் ஸனூஸ் நாளைக்கு டோஹாவுக்குத் திரும்புகிறான். கடிதத்தை அவனிடம் கொடுத்து அனுப்புகிறேன்.

முதலில் நன்றி சொல்ல வேண்டும். ஐபோன் மிகவும் அழகாக இருக்கிறது. பெட்டியைத் திறந்தபோது அப்பா, "சாமி படம் மாதிரி பளபளங்குது" என்றார். 'பழைய அண்ட்ரொய்டைத் தூக்கிப் போடு அக்கா, இனி முகம் தெளிவாகத் தெரியும்' என்று நீ எழுதியிருந்தாய். உன் ஆசை எனக்குப் புரிகிறது. அம்மாவின் நல்லடக்கத்தை நீ பார்த்தது அந்தப் பழைய போனில்தான். பாதியில் படம் உறைந்து நின்றது. அதை நான் உன்னிடம் ஒருநாளும் பேசியதில்லை. நீயும் பேசியதில்லை. ஆகவே நீ அனுப்பியதை மறுக்க எனக்கு மனம் வரவில்லை, இரண்டு போனையும் எடுத்துக்கொண்டு போன மாதம் ஒரு சனிக்கிழமை காலை ஸரூக்கின் கடைக்குப் போனேன். எல்லாவற்றையும் புதிதுக்கு மாற்றிக் கொடுக்கச் சொன்னேன். படங்கள் வந்தன. இலக்கங்கள் வந்தன. அம்மாவின் பிரஷர் மாத்திரைக்காக நான் வைத்திருந்த அலாரம்கூட வந்து, கடையில் எல்லோர் முன்னாலும் அடித்தது. வீடு மட்டும் வரவில்லை.

எந்த வீடு என்று நீ கேட்பாய். நீ வாங்கிக் கொடுத்த வீடுதான். மூன்று வருடத்துக்கு முன் நத்தார் பண்டிகைக்கு அப்பாவுக்குப் பொழுது போகட்டும் என்று, ஒரு வீடு கட்டும் விளையாட்டை உன் அட்டையில் வாங்கி என் போனில் போடச் சொன்னாயே, பிறகு ஈஸ்டருக்கு அதற்குப் பக்கத்துக் காணியையும் வாங்கிக் கொடுத்தாயே, அது. நீ மறந்திருப்பாய். இங்கே அது மறக்கிற விஷயமாக இல்லை. நான் வேலை முடிந்து பஸ்ஸில் வந்து இறங்கியதும் அப்பா என்னைப் பார்ப்பதற்கு முன் என் கைப்பையைப் பார்ப்பார். முகம் கழுவி, இஸ்தோப்புத் திண்ணையில் உட்கார்ந்து, போனை முழங்காலில் வைத்துக்கொண்டு கட்டத் தொடங்கினால், தோட்டத்து வேலைக்குப் பெரட்டுக்குப் போகிற காலத்தில்கூட அவ்வளவு கவனமாக வேலை செய்திருக்க மாட்டார். பக்கத்துக் காம்பரா பெரியாயி அத்தை ஒரு பலகையைப் போட்டு உட்கார்ந்து மேற்பார்வை செய்வாள். அந்த விளையாட்டு, வீட்டுக்காரன் என்று மஞ்சள் முடியும் அரைக்காற்சட்டையுமாக ஒரு ஆளைக் கொடுத்திருந்தது. அப்பா அவனுக்குக் கபிரியேல் என்று தன் பெயரையே வைத்து, முதல் வேலையாக ஒரு கோட்டு வாங்கிப் போட்டார். இலவசமாக ஒரு நீச்சல் தடாகம் கொடுத்தார்கள். அது குடிதண்ணீர்த் தொட்டி என்று அப்பா தீர்மானித்துவிட்டார். யாரையும் இறங்க விடாமல் சுற்றிலும் வேலி அடைத்திருக்கிறார். விருந்தாளிப் பொம்மைகள் துவாயும் கையுமாக மூன்று வருடமாக வேலிக்கு வெளியே நிற்கின்றன.

ஆனால் அடுப்படியை வைத்தது அப்பா இல்லை, அம்மா. அது உனக்குத் தெரியாது. அப்போது அம்மா நன்றாக இருந்தாள். "என்னைய அதுக்குள்ள போட்டுறாதீங்க, வெக்கமா இருக்கு" என்று சொல்லிவிட்டாள், அதனால் அந்த வீட்டில் அம்மா பொம்மை கிடையாது. அடுப்படியை மட்டும் அவளே சொல்லிச் சொல்லி வைத்தாள். மூன்று ஜன்னல். புகை போக ஒன்று. பாதையில் யார் வருகிறார்கள் என்று பார்க்க ஒன்று. "மூணாவது எதுக்கு?" என்று அப்பா கேட்டார். "சும்மா இருக்கட்டுமே" என்றாள். நம் காம்பரா அடுப்படியில் ஒரு ஜன்னலும் இல்லை என்பதை உனக்குச் சொல்ல வேண்டியதில்லை, உன் கண் எரிச்சல் இன்னும் போயிருக்காது.

சரி, கடைக்கு வருகிறேன்.

"மிஸ், இது மட்டும் வராது" என்றான் ஸரூக்.

"ஏன் வராது? காசு குடுத்து வாங்கினதுதானே."

"காசு குடுத்ததுதான் மிஸ். அது அண்ட்ரொய்ட் பக்கத்துக் கடையில குடுத்த காசு. இது ஐபோன் பக்கம். இந்தக் கடைக்கு அந்தக் கடைக் கணக்குத் தெரியாது."

"அப்ப எங்க சாமான்?"

"சாமான்னு சொல்லேலாது மிஸ். அங்க இருக்கிற வரைக்கும் இருந்துக்கங்கன்னு ஒரு அனுமதி, அவ்வளவுதான். அந்தப் பக்கத்த விட்டு வெளிய வந்தா அப்படியே விட்டுட்டு வர வேண்டியதுதான்."

எனக்கு விளங்கவில்லை என்று நினைத்து அவன் அதைத் திரும்பத் திரும்பச் சொன்னான். தம்பி, எனக்கா விளங்காது? பட்டம் படித்து அபிவிருத்தி உத்தியோகத்தராகப் பிரதேச செயலகத்தில் உட்கார்ந்திருக்கிறேன் என்பதை விட்டுவிடு. நான் லயத்தில் பிறந்தவள். அவன் சொன்னது நம் காம்பராவின் கதையைத்தான். வேலை செய்கிற வரைக்கும் இருந்துகொள், ஒரு ஆணி அடிப்பதென்றாலும் ஆபீசில் கேட்டுக்கொள், வெளியே போனால் அப்படியே விட்டுவிட்டுப் போ. நாலு தலைமுறையாக நாம் படித்த பாடத்தைத்தான் இப்போது உலகத்தில் எல்லோருக்கும் போனில் சொல்லிக் கொடுக்கிறார்கள் போலிருக்கிறது. நாம் கொஞ்சம் முந்திவிட்டோம் என்று பெருமைப்படலாம்.

அதோடு விடாமல் ஸரூக் ஒரு நல்ல செய்தியும் சொன்னான். நல்ல செய்திதான் என்னை அதிகம் வருத்தியது. "ஒரு வழி இருந்திச்சு மிஸ். வெளையாட்டுக்குள்ள பேரப் பதிஞ்சிருந்தா, வாங்கின காணி வராட்டியும் கட்டின வீடு அவங்ககிட்ட பத்திரமா இருந்திருக்கும். இங்க வந்து பேரச் சொன்னாத் தந்திருப்பாங்க. பதியவான்னு அது கேட்டிருக்குமே?"

கேட்டது. ஒவ்வொரு நாளும் கேட்டது. விளையாட்டைத் திறந்ததும் இரண்டு பெட்டி வரும். பச்சைப் பெட்டியை அழுத்தினால் பெயர் பதியும். சாம்பல் பெட்டி, 'பிறகு'. அப்பா மூன்று வருடமாக, சிலுவை அடையாளம் போடுகிற பக்தியோடு, சாம்பல் பெட்டியையே அழுத்தி வந்திருக்கிறார். நானும் பக்கத்தில் இருந்து பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். ஏன் என்று உனக்குத் தெரியும். தாத்தா ஒருமுறை, அரிசிக் கூப்பனுக்கு என்று நம்பி, கங்காணி கொண்டுவந்த தாளில் பெருவிரலை வைத்தார். அது இந்தியாவுக்குப் போக விரும்புகிறேன் என்ற விண்ணப்பமாகிவிட்டது. சின்னத் தாத்தா குடும்பம் அப்படித்தான் கப்பலேறியது. நம் ஃபைல் எங்கோ தொலைந்ததால் நாம் இங்கே இருக்கிறோம். அன்றிலிருந்து நம் வீட்டில், வாசிக்கத் தெரியாத எதிலும் விரல் வைப்பதில்லை. பச்சைப் பெட்டியில் இருந்தது ஆங்கிலம். ஆகவே 'பிறகு'.

"இப்பப் பதியலாமே" என்றேன்.

"வெளையாட்டப் புதுப்பிச்சாத்தான் இப்பப் பதிய விடும். இந்தப் போன் அதுக்குக் கிழடு மிஸ். போன வருசம் வந்திருந்தாச் செஞ்சிருக்கலாம்."

போன வருடம் வந்திருந்தால் என்பது எல்லா அலுவலகத்திலும் சொல்வதுதான். நானே எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறேன். சொல்லும்போது அவ்வளவு வலிப்பதில்லை. பற்றரியையாவது மாற்றித் தா என்றேன். முதுகைத் தடவிப் பார்த்துவிட்டுக் கையை எடுத்துக்கொண்டான். "தொறந்தா வெடிக்கும் மிஸ். ஒருக்கா முழுசா அணைஞ்சா மறுபடி எழும்பவும் மாட்டாது. எழும்புற வரைக்கும் வச்சுக்கங்க." பதுளைப் பெரியாஸ்பத்திரியில் அம்மாவைப் பற்றி எங்களிடம் சொன்னதும் ஏறக்குறைய இதே தொனியில்தான்.

வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னேன். அவர் கோபிக்கவில்லை. "அவங்களுக்கு நம்மளத் தெரியாதுல்ல புள்ள. எந்த நாட்டுக்காரனா இருந்தாலும் தொர கடுதாசின்னா மதிப்பான். நான் போய் வாங்கிட்டு வாரேன்" என்றார். நான் சிரித்திருக்கலாம். ஆனால் யோசித்துப் பார், அவருடைய ஆயுளில் எந்தக் காரியம் தோட்டத்து ஆபீஸ் கடிதம் இல்லாமல் நடந்திருக்கிறது? நம் பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டை, அவருடைய சேமலாபப் பணம், அம்மாவைப் புதைக்க இடம், எல்லாவற்றுக்கும் தோட்டத்துத் துரையின் கையெழுத்துத்தான் கதவைத் திறந்தது. ஆகவே நத்தார் கோட்டைப் போட்டுக்கொண்டு, குறை கேட்கிற நாளில் ஆபீசுக்குப் போய் வரிசையில் நின்றிருக்கிறார். தகரம் ஒழுகுகிறது என்று சொல்லப் போயிருந்த பெரியாயி அத்தைதான் எனக்கு நடந்ததைச் சொன்னாள்.

"வீடு ஒன்னு கட்டிருக்கேங்க, அத மாத்திக்க ஒரு கடுதாசி வேணுங்கன்னு அண்ணே கேட்டுச்சு. தொரைக்கு மொகமே கறுத்துப் போச்சு. எந்த எடத்துல கட்டுனன்னு எந்திரிச்சுட்டாரு. அண்ணே கோட்டுப் பையில இருந்து போன எடுத்து மேச மேல வச்சுச்சு."

"அப்புறம்?"

"தொர பாத்தாரு. பாத்துக்கிட்டே இருந்தாரு. கக்கூசு எங்கன்னு கேட்டாரு. அண்ணே காட்டுச்சு. எந் தகரத்தப் பத்தி ஒரு வார்த்த கேக்கல."

புதுத் துரை இளம் வயது, நல்ல மனுஷன். என்ன நினைத்தாரோ, கிளாக்கரைக் கூப்பிட்டு ஆங்கிலத்தில் கடிதம் அடிக்கச் சொல்லியிருக்கிறார். 'இத்தோட்டத்தில் நெடுங்காலம் வேலை செய்து ஓய்வுபெற்ற திரு. கபிரியேல், தமது சொந்த முயற்சியால் ஒரு வீட்டைக் கட்டிப் பராமரித்து வருகிறார் என்பதை நேரில் கண்டு உறுதிப்படுத்துகிறேன். அவருக்கு இயன்ற உதவியைச் செய்யவும்.' கையெழுத்து, முத்திரை. அப்பா என்னைக் கொண்டு அதை இரண்டு தடவை தமிழில் வாசிக்க வைத்தார். 'வீட்டைக் கட்டி' என்ற இடத்தில் நிறுத்தச் சொன்னார். அந்த விளையாட்டுக் கம்பனிக்காரர்களுக்குக் கடிதத்தைப் படம் எடுத்து அனுப்பினேன். அனுப்பிய கையோடு பதில் வந்தது. அப்பா, "பாத்தியா, தொர கடுதாசி" என்றார்.

"என்னா சொல்றாங்க?"

"ஒருக்கா அணைச்சுட்டுத் திருப்பிப் போடச் சொல்றாங்கப்பா."

"எத, ஊட்டையா?"

அதற்குப் பிறகு அவர்களிடமிருந்து ஒன்றும் வரவில்லை. கடிதம் இப்போது அந்தோனியாருக்குப் பக்கத்தில் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்குகிறது. அப்பாவுக்கு வீடு இருக்கிறது என்று முத்திரை வைத்துச் சொல்கிற தாள், உலகத்தில் அது ஒன்றுதான்.

இதோடு முடிந்திருந்தால் உனக்கு இந்தக் கடிதம் இல்லை. ஏழு பேர்ச் அளவுக் காணியில் அரசாங்கம் தனி வீடு கொடுக்கிற திட்டத்தில் அப்பாவின் பெயர் இருப்பது உனக்குத் தெரியும். அது இருக்கிறது, இருக்கிறது, இருந்துகொண்டே இருக்கிறது என்று நாமும் சொல்லிக்கொண்டிருந்தோம். இந்தத் தடவை உண்மையாகவே நம் தோட்டத்துக்குச் சில வீடுகள் வந்திருக்கின்றன. அப்பாவின் பெயர் அதில் இருக்கிறது. பெரியாயி அத்தையின் பெயர் இல்லை. போன கிழமை மேலதிகாரி என்னைக் கூப்பிட்டு ஒரு தாளை நீட்டினார். மொட்டைப் பெட்டிசன். 'மேற்படி கபிரியேலுக்கு மூன்று ஜன்னல் வைத்த அடுப்படியும் வேலி அடைத்த நீச்சல் தடாகமும் கொண்ட வீடு ஏற்கனவே இருப்பதைத் தோட்டத்துரையே எழுதிக் கொடுத்துள்ளார். ஆகவே அவர் பெயரை நீக்கி, உண்மையிலேயே வீடில்லாத ஒரு விதவைக்கு வழங்குமாறு கேட்டுக்கொள்கிறோம்.' எழுதியவர் பெயர் இல்லை. ஆனால் பதில் அனுப்ப வேண்டிய இடமாகப் பெரியாயி அத்தையின் காம்பரா இலக்கம் போட்டிருந்தது.

மேலதிகாரி என்னையே நேரில் பார்த்து அறிக்கை தரச் சொன்னார். "சேர், இது என் அப்பா" என்றேன். "அப்ப உங்களுக்குப் பாதை தெரியும்தானே. வாகனத்துக்கு டீசலும் இல்ல" என்றார். நான் 'சாப்பிட்டாயா' என்று கேட்டதிலிருந்து அவர் என்னிடம் கொஞ்சம் உரிமையோடுதான் பேசுகிறார்.

அன்று மாலை பஸ்ஸை விட்டு இறங்கி நேராக அத்தையின் வாசலுக்குப் போனேன்.

"ஏன் அத்தை இப்படிச் செஞ்சீங்க?"

"எத?"

"பெட்டிசன்."

"அதுல எம் பேரு போடலியே."

"காம்பரா நம்பர் போட்டிருக்கே."

கொஞ்ச நேரம் அடுப்பை ஊதிக்கொண்டிருந்தாள். "ஒங்கப்பனுக்குப் போன்ல ஒன்னு, லிஸ்ட்ல ஒன்னு. எனக்கு எதுல இருக்கு, நீயே சொல்லு பிரான்சி. நீதான் படிச்ச புள்ளயாச்சே." புகையில் அவளுக்கும் எனக்கும் கண்ணில் தண்ணீர். "கோவிச்சுக்காத. ரொட்டி சுட்டிருக்கேன், ஒங்கப்பனுக்கும் ரெண்டு கொண்டுட்டுப் போ" என்றாள். கொண்டுபோனேன். அப்பா அந்த ரொட்டியைத் தின்றுகொண்டே பெட்டிசனைக் கேட்டார். "தண்ணித் தொட்டின்னு எழுதாம நீச்சத் தடாகம்னு எழுதிப்புட்டாளே, இத்தன நாளு பாத்துட்டு" என்பதுதான் அவருக்கு வருத்தம்.

நேற்று அலுவலகத்துக்குப் போகாமல், அரசாங்கக் கடமையாக, என் அப்பாவின் வீட்டைப் பார்வையிட்டேன். அவர் கோட்டைப் போட்டுக்கொண்டு போனைக் கையில் பிடித்து ஒவ்வொரு அறையாகக் கூட்டிக்கொண்டு போனார். வாசல், விறாந்தை, உனக்கு ஒரு அறை, எனக்கு ஒரு அறை. உன் அறையில் இரண்டு கட்டில் போட்டிருக்கிறார், நீ கல்யாணம் செய்துகொண்டு வருவாய் என்று. என் அறையில் ஒரு கட்டிலும் ஒரு மேசையும் ஒரு விளக்கும். எனக்கு ஒரு கட்டில் என்று அவர் எப்போது முடிவு செய்தார் என்று நான் கேட்கவில்லை. பின்னால் கோழிக்கூடு, லீக்ஸ் பாத்தி. கடைசியில் அடுப்படி. அங்கே அந்த மஞ்சள் முடிக் கபிரியேலை மூன்றாவது ஜன்னலுக்குப் பக்கத்தில் நிறுத்திவிட்டு, "பாத்துக்க" என்றார். ஜன்னலுக்கு வெளியே ஒன்றும் இல்லை, வெறும் பச்சை. நாங்கள் இரண்டு பேரும் கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

இப்போது சிக்கல் இதுதான் தம்பி. வீடு இல்லை என்று நான் எழுத வேண்டும். அது என் வேலை, எழுதிவிடுவேன். ஆனால் அதற்குக் கீழே, 'எனக்குச் சொந்தமாக வீடு எதுவும் இல்லை' என்று விண்ணப்பக்காரர் கையெழுத்துப் போட வேண்டும். வருகிற திங்கட்கிழமைக்குள் கொடுக்காவிட்டால் பெயர் போய்விடும். அப்பா போடமாட்டேன் என்கிறார்.

"இருக்கறத இல்லன்னு எப்புடிப் புள்ள போடுறது?"

"இது விளையாட்டுப்பா."

"ஒங்கம்மா வெளையாட்டுக்கா ஜன்னல் வச்சா?"

"அப்பா, இதுல போட்டாத்தான் நெசமான வீடு வரும்."

"எப்ப வரும்?"

"வரும்."

"இது வந்துருச்சு" என்றார். பிறகு பேனாவை என் பக்கம் தள்ளிவிட்டு, "எங்கப்பன் தெரியாம வெரல வச்சாரு. நான் தெரிஞ்சுக்கிட்டே வைக்கணுமாக்கும்" என்றார். எனக்குச் சட்டம் தெரியும், சுற்றறிக்கை தெரியும். பேனாவை மூடி, தாளைக் கைப்பையில் வைத்துக்கொண்டேன்.

ஆகவே உன்னிடம் இரண்டு விஷயம் கேட்கிறேன். ஒன்று, வெள்ளிக்கிழமை உனக்கு லீவுதானே, மாலையில் அப்பாவோடு பேசு. நான் சொன்னால் படித்த திமிர் என்பார், நீ சொன்னால் கேட்பார். அந்த வீடு இருக்கட்டும், இந்தத் தாளிலும் கையெழுத்துப் போடுங்கள் என்று பக்குவமாகச் சொல். உனக்கு இரண்டு கட்டில் போட்டிருப்பதைப் பற்றிக் கேள், சந்தோஷப்படுவார். இரண்டு, புதுப் போனை ஸனூஸிடமே திருப்பி அனுப்புகிறேன், கோபிக்காதே. அதை அப்பா பார்க்கிற ஒவ்வொரு முறையும் பழையதைத் துணியால் மூடி வைக்கிறார். பழையது எழும்புகிற வரைக்கும் நான் காலையில் அதைச் சூடு காட்டிக்கொண்டே இருப்பேன். அடுப்புக்கு விறகு இருக்கிறது, எனக்கும் வேறு அவசரம் ஒன்றும் இல்லை. உன் முகம் கொஞ்சம் மங்கலாகத் தெரிந்தால் பரவாயில்லை, யார் என்று எங்களுக்குத் தெரியும்.

வேளைக்குச் சாப்பிடு. தண்ணீர் நிறையக் குடி. ஞாயிறு பூசைக்குப் போக முடியாவிட்டால் அறையிலாவது ஒரு அருள்நிறை மந்திரம் சொல். அப்பா உன் தலையில் கை வைத்து ஆசீர்வதித்ததாக எழுதச் சொன்னார். பெரியாயி அத்தையும் கேட்டதாக எழுதச் சொன்னாள், அவள் கேட்டதை எல்லாம் நான் எழுதவில்லை. அம்மாவின் ஆசி எப்போதும் போல உன்னோடு.

உன் அன்பு அக்கா,
பிரான்சிஸ்கா.

பின்குறிப்பு: மேலே எழுதியதில் இரண்டையும் விட்டுவிடு. புதுப் போனை அனுப்பவில்லை, என்னிடமே இருக்கட்டும். வெள்ளிக்கிழமை பேசும்போது கையெழுத்தைப் பற்றியோ வீட்டைப் பற்றியோ ஒன்றும் கேட்காதே. போன் போய்விட்டது என்று அப்பாவாகச் சொன்னால், இப்போதுதான் கேள்விப்படுகிறவன் போலக் கேட்டுக்கொள். கடிதத்தை உறையில் போடப் போகும்போதுதான் எனக்கு விளங்கியது. அப்பா பொய்க்குக் கையெழுத்துப் போடமாட்டார், அவ்வளவுதான். உண்மையிலேயே வீடு இல்லை என்றால் போடுவார். அறிக்கையின் பின்பக்கத்தில் அந்த வீட்டை முழுவதும் வரைந்து வைத்திருக்கிறேன், மூன்று ஜன்னலும் எந்த எந்தப் பக்கம் என்று. பழைய போனைத் துணியில் சுற்றாமல், வயரும் குத்தாமல், துரையின் கடிதச் சட்டத்துக்குக் கீழே, குளிர்கிற தட்டில் வைத்துவிட்டேன். விடிவதற்குள் முழுதாக அணைந்துவிடும். இதை அப்பாவிடமும் சொல்லவில்லை, அத்தையிடமும் சொல்லவில்லை, அந்தோனியாரிடம்கூடச் சொல்லவில்லை. நாளைக் காலை எழுந்ததும் நான் முதலில் செபம் சொல்லப் போகிறேன்.